தண்ணீரில் கரைந்துபோகும் ஞூடி உருண்டைகள்: வழி சொல்லுங்கள்

அனைவருக்கும் வணக்கம். இத்தாலியின் டஸ்கனி பகுதிக்குரிய ஞூடி எனும், கீரையும் ரிக்கோட்டா என்ற மென்மையான பாலாடைக்கட்டியும் சேர்ந்த உருண்டைகளை வீட்டிலேயே செய்ய இருமுறை முயன்று, இருமுறையும் தோற்றுவிட்டேன். பூரணம் அடைத்த இத்தாலிய மாவுப் பண்டமான ரவியோலியின் பூரணத்தையே மேல்மாவு இல்லாமல் வேகவைப்பதால் 'ஆடையற்றவை' என்ற பொருளில் அதற்கு அப்பெயர். என் சட்டியிலோ உடலும் மிஞ்சவில்லை.

250 கிராம் ரிக்கோட்டா, வேகவைத்துப் பிழிந்த பாலக் கீரை, ஒரு முட்டை, துருவிய பார்மசான் பாலாடைக்கட்டி, சிறிது ஜாதிக்காய்த் தூள், இரண்டு மேசைக்கரண்டி மைதா ஆகியவற்றைப் பிசைந்து, நெல்லிக்காய் அளவில் உருட்டி, தளதளவெனக் கொதிக்கும் நீரில் இட்டேன். முதல் உருண்டை மிதந்து வருவதற்குள் ஓரம் பிரிந்து, தண்ணீர் பச்சைக் கஞ்சியாகிவிட்டது. அடுத்த முறை மைதாவை இருமடங்காக்கியதில் உடையவில்லை, ஆனால் ரப்பரை மெல்வது போலிருந்தது.

ஈரம்தான் காரணம் என்று நினைக்கிறேன். ரிக்கோட்டாவைத் துணியில் கட்டி எத்தனை மணி நேரம் வடியவிடுகிறீர்கள்? உருண்டைகளை ரவையில் புதைத்துக் குளிர்பெட்டியில் ஓரிரவு வைத்தால் மெல்லிய தோல் பிடிக்கும் என்கிறார்களே, அப்படிச் செய்தவர்கள் மைதாவை அறவே விட்டுவிட்டீர்களா? நீர் கொதிக்க வேண்டுமா, இலேசாகச் சலசலத்தால் போதுமா என்பதையும் அனுபவப்பட்டவர்கள் தெரிவித்தால், மணத்துக்காக வாங்கி வைத்த சேஜ் இலை வாடுவதற்குள் மீண்டும் முயல்வேன்.