ஈசிஆர் (கிழக்குக் கடற்கரைச் சாலை) பக்கம் ஒரு கிரண் விமானம் வெயிலில் நிற்கிறது: தன்னார்வலர்கள் சேர்ந்து சீரமைக்க முடியுமா, எங்கே தொடங்குவது?

வானரசிகன் கேட்டது:

எல்லாருக்கும் வணக்கம். ஈசிஆர் ஓரத்தில் ஒரு பொறியியல் கல்லூரி வளாகத்தில் பல வருடமாக ஒரு கிரண் பயிற்சி விமானம் நிற்கிறது. எச்ஜேடி-16, மார்க் 1. விமானப்படை ஓய்வு கொடுத்த பிறகு மாணவர்கள் பார்க்கட்டும் என்று கொடுத்தது. கடல் கூப்பிடு தூரம்தான். யாரோ எப்போதோ கேட்டுக்குப் பூசுகிற வெள்ளி பெயின்ட்டையே தடிமனாக அடித்துவிட்டார்கள், வால் எண்கூட அதற்குள் புதைந்து கிடக்கிறது. டயர்கள் காற்றுப் போய்த் தரையோடு ஒட்டிவிட்டன, காக்பிட் கண்ணாடி பால் மாதிரி வெளுத்துவிட்டது, காற்று உள்ளே போகிற வாயில் மைனா கூடு கட்டியிருக்கிறது.

நாங்கள் ஒரு சின்னக் குழு. இரண்டு மூன்று ஏரோ மாணவர்கள், ஒரு லேத் பட்டறைக்காரர், ஐடி வேலையில் இருக்கும் சிலர். நிர்வாகத்திடம் போய் ஞாயிற்றுக்கிழமைகளில் வந்து சரிசெய்கிறோம் என்று கேட்டோம். வாய்வார்த்தையாகச் சரி என்றார்கள், பணம் மட்டும் கிடையாது. நண்பர்கள் சிலர், பழைய பெயின்ட்டைச் சுரண்டிவிட்டு விமானப்படையின் சாகசக் குழுவான சூர்யகிரணின் சிவப்பு வெள்ளையில் அடித்தால் பார்க்க நன்றாக இருக்கும் என்கிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. இந்த வேலை தெரிந்தவர்கள், வெளிநாட்டு அருங்காட்சியகங்களில் செய்தவர்கள் இருந்தால் சொல்லுங்கள். எதை முதலில் தொட வேண்டும்?

பழைய ஏர்ஃப்ரேம் ஃபிட்டர்:

தம்பி, முதலில் எதையும் தொடக் கூடாது. தாம்பரத்தில் விமானப் பயிற்றுநர் பள்ளியில் கிரணோடு வேலை பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன். அதில் இருப்பது மார்ட்டின் பேக்கர் எஜெக்‌ஷன் சீட். விமானியை வெடிமருந்தின் விசையால் வெளியே தூக்கி எறிகிற நாற்காலி அது. கொடுக்கும்போதே அந்த வெடிமருந்துக் கார்ட்ரிட்ஜ்களை எடுத்திருப்பார்கள், ஆனால் "எடுத்திருப்பார்கள்" என்ற நம்பிக்கையில் ஒரு மாணவனை அதில் உட்கார வைக்காதீர்கள். எடுத்தாகிவிட்டது என்று எழுத்தில் ஒரு தாள் வேண்டும். கல்லூரிக் கோப்பில் இருக்கிறதா பாருங்கள், இல்லையென்றால் நிர்வாகம் மூலமாக விமானப்படைக்கு எழுதச் சொல்லுங்கள். அந்தத் தாள் கைக்கு வரும்வரை காக்பிட்டைப் பூட்டியே வையுங்கள், சீட்டை வெடிக்க வைக்கிற மஞ்சள் கறுப்புக் கைப்பிடி பக்கம் யார் கையும் போகக் கூடாது.

அடுத்தது சக்கரக் கால்கள். ஓலியோ என்போம், உள்ளே எண்ணெயும் அழுத்தமான வாயுவும் இருக்கும். வெளியே துரு பிடித்து நிற்கிறதே என்று ஸ்பேனர் போட்டுத் திறந்தால் மூடி துப்பாக்கிக் குண்டு மாதிரி வரும். பழைய மீட்டர்களின் கண்ணாடியையும் கழற்றாதீர்கள். அந்தக் காலத்து விமான மீட்டர்களில் இருட்டில் ஒளிர ரேடியம் கலந்த பெயின்ட் பூசும் பழக்கம் இருந்தது. ஒளிர்வது எப்போதோ நின்றிருக்கும், ஆனால் ரேடியத்தின் அரை ஆயுள் சுமார் 1,600 வருடம். அந்தத் தூள் மூச்சில் போகக் கூடாது.

டயருக்குக் காற்று அடித்து நிறுத்தலாம் என்று நினைக்க வேண்டாம், விரிசல் விட்ட ரப்பர் தாங்காது. சுமார் இரண்டரை டன் எடை. ஜாக் பாயின்ட் என்று குறித்த இடங்களில் மட்டும் தூக்கி, இரும்பு ஸ்டாண்ட் செய்து நிறுத்துங்கள். உங்கள் பட்டறைக்காரர் முதலில் செய்ய வேண்டிய வேலை இதுதான். தரையில் கொக்கி பதித்துக் கட்டியும் வையுங்கள். 2016 டிசம்பரில் வர்தா புயல் அடித்தபோது இந்தப் பக்கம் மரங்கள் விழுந்தது நினைவிருக்கும். விமானத்துக்கு இறக்கை இருக்கிறது, புயல் காற்று அதைத் தூக்கத்தான் பார்க்கும்.

உப்புக்காற்று:

ஃபிட்டர் ஐயா சொன்னதோடு உலோகம் பற்றிக் கொஞ்சம் சேர்க்கிறேன், அரிப்பு தடுப்புதான் என் தொழில். விமானத் தகடு சுத்த அலுமினியம் கிடையாது, வலுவுக்காகச் செம்பு சேர்த்த கலவை. அந்தச் செம்புதான் உப்புக் காற்றில் அதற்கு எமன். மேலே நன்றாக இருப்பது போலத் தெரியும், உள்ளே பிஸ்கட் அடுக்கு மாதிரி தகடு உப்பி உரிய ஆரம்பித்திருக்கும். இரும்பு போல்ட் அலுமினியத்தைத் தொடுகிற இடம், ரிவெட் வரிசைகள், கதவு மூட்டுகள், இவற்றில் வெள்ளைத் தூள் தெரிந்தால் அங்கே அரிப்பு ஓடிக்கொண்டிருக்கிறது.

நான் முதலில் பார்க்கச் சொல்வது வயிற்றுப் பக்கத்தையும் இறக்கையின் அடிப்பக்கத்தையும். தண்ணீர் வடிய அங்கே சின்னச் சின்னத் துளைகள் இருக்கும். வெள்ளி பெயின்ட் அடித்தவர்கள் அவற்றை அடைத்திருப்பார்கள் என்பது என் ஊகம், மிச்சத்தைக் கூட்டுக் குப்பை அடைத்திருக்கும். ஒவ்வொரு வடகிழக்குப் பருவமழைக்கும் உள்ளே தண்ணீர் தேங்கி, உப்போடு மாதக் கணக்கில் நிற்கிறது. அந்தத் துளைகளைத் திறப்பதற்குச் செலவே இல்லை. பெயின்ட் வேலையைவிட அது பல மடங்கு ஆயுள் கொடுக்கும். கூட்டில் முட்டையோ குஞ்சோ இருந்தால் அது பறக்கும்வரை காத்திருந்துவிட்டு, அப்புறம் காற்று போகிற வாயை வலை போட்டு மூடுங்கள்.

கழுவ நல்ல தண்ணீரும் மென்மையான சோப்பும் போதும். கார் வாஷ் பிரஷர் பைப் வேண்டாம், மூட்டுகளுக்குள் தண்ணீரைத் தள்ளிவிடும். கம்பி பிரஷ், இரும்புக் கம்பளி இரண்டையும் வளாகத்துக்குள்ளேயே கொண்டுவராதீர்கள். இரும்புத் துகள் தகட்டில் பதிந்து, அது துருப்பிடித்து, அதைச் சுற்றி அலுமினியம் அரிக்கும். நைலான் பேட், பிளாஸ்டிக் சுரண்டி போதும். காக்பிட் கண்ணாடி அக்ரிலிக், தின்னரோ பெட்ரோலோ பட்டால் விரிசல் விடும். வெள்ளி பெயின்ட்டுக்கு அடியில் பச்சை மஞ்சள் நிறத்தில் ஒரு அடிப்பூச்சு வந்தால் அங்கே நிறுத்துங்கள். அது ஜிங்க் குரோமேட், அதன் தூள் புற்றுநோய் தரக்கூடியது. காய்ந்த நிலையில் உப்புத்தாள் போடவே கூடாது.

ஹேங்கர் பூனை:

பெயின்ட் அவசரம் இல்லை என்கிற தொனியில் எல்லாரும் சொல்கிறீர்கள், நான் முழுசாக ஒத்துக்கொள்ள மாட்டேன். கூரை இல்லாமல் கடற்கரையில் நிற்கிற விமானத்துக்குப் பெயின்ட்தான் சட்டை. அசல் பூச்சைக் காப்பாற்றுகிறேன் என்று இரண்டு மழைக்காலம் விட்டால் காப்பாற்ற விமானமே இருக்காது. ஆனால் சூர்யகிரண் நிறம் கூடவே கூடாது. அந்தக் குழு பறந்தது கிரண் மார்க் 2, ஆர்ஃபியஸ் எஞ்சின். உங்களுடையது வைப்பர் எஞ்சின் மார்க் 1. பார்க்க வருகிற பையனுக்குப் பொய் சொல்வதாகிவிடும்.

வானரசிகன்:

எல்லாருக்கும் மனமார்ந்த நன்றி. சீட் பற்றிய தாள் இல்லாமல் காக்பிட்டைத் திறக்கப் போவதில்லை, நிர்வாகத்தில் நாளையே கேட்கிறேன். வால் எண்ணை எப்படி வெளியே கொண்டுவருவது? ஆர்வம் உள்ள மாணவர்கள் நிறையப் பேர், கைத்தொழில் தெரிந்தவர் ஒருவர்தான். இவர்களை எப்படி வேலை வாங்குவது என்றும் தெரியவில்லை.

தேம்ஸ் ஓரத்துத் தமிழன்:

இங்கிலாந்தில் ஒரு சின்ன விமான அருங்காட்சியகத்தில் சனிக்கிழமைகளில் தன்னார்வலராக இருக்கிறேன், மதுரைக்காரன். இங்கே இந்த வேலையே பெரும்பாலும் தன்னார்வலர்களால்தான் நடக்கிறது. லண்டன் கோல்னி என்ற ஊரின் அருங்காட்சியகத்தில் டி ஹாவிலண்ட் மஸ்கிட்டோ போர் விமானத்தின் முதல் மாதிரி விமானமே நிற்கிறது, 1940 நவம்பரில் பறந்த மரவிமானம், அதைச் சீரமைத்தது தன்னார்வலர்கள். புரூக்லண்ட்ஸ் அருங்காட்சியகத்தில், 1985-ல் ஸ்காட்லாந்தின் லாக் நெஸ் ஏரியின் அடியிலிருந்து தூக்கிய வெலிங்டன் குண்டுவீச்சு விமானத்தையும் அப்படித்தான் வருடக்கணக்கில் சேர்த்தார்கள்.

நான் பார்த்தவரை, திறமை குறைவு என்பதால் எந்தக் குழுவும் நின்றதில்லை. கழற்றிய பொருள் எங்கே வைத்தோம் என்று தெரியாமல்தான் நின்றிருக்கிறது. ஒரு திருகைக் கழற்றினாலும் முதலில் படம், பிறகு பை, பையில் சீட்டு, நோட்டில் ஒரு வரி. யார் கழற்றினார், எந்தப் பக்கம், என்ன நிலை. ஐடி நண்பர்களுக்கு இந்த வேலையைக் கொடுங்கள், அற்புதமாகச் செய்வார்கள். ஒரே நேரத்தில் ஒரு பகுதி மட்டும் திறந்திருக்கட்டும், அதை மூடாமல் அடுத்ததைத் தொடாதீர்கள். புதிதாக வருகிறவரை அனுபவசாலியோடு ஜோடி சேர்த்து விடுங்கள். வாரம் தவறாமல் வருகிற நாலு பேர், ஒரு நாள் மட்டும் வந்து போகிற நாற்பது பேரைவிட மேல்.

வால் எண்ணுக்கு: சாய்வாக வெளிச்சம் அடித்துப் படம் எடுங்கள், அடியில் இருக்கும் எழுத்தின் விளிம்பு மேடாகத் தெரியும். ஸ்டென்சில் எழுத்துகளை அளவெடுத்து டிரேசிங் தாளில் வரைந்த பிறகுதான் சுரண்ட வேண்டும். ஹேங்கர் பூனை சொன்ன பெயின்ட் வாதம் நியாயம்தான், ஆனால் ஒரு சின்னச் சதுரத்தையாவது அடுக்கு அடுக்காகத் தெரியும்படி அப்படியே விட்டுவிட்டு மற்றதை மூடுங்கள். அப்புறம், வாய்வார்த்தைச் சம்மதத்தோடு ஒரு ரிவெட்கூடக் கழற்றாதீர்கள். நிர்வாகம் மாறினால் எல்லாம் வீண். விமானம் யார் சொத்து, அடிபட்டால் யார் பொறுப்பு, எல்லாம் கையெழுத்தோடு வேண்டும்.

ஆறாம் வகுப்பு டீச்சர்:

விமானத் தொழில்நுட்பம் எனக்குத் தெரியாது, பள்ளிப் பிள்ளைகளை அழைத்து வருகிறவள் பக்கத்திலிருந்து பேசுகிறேன். குரோம்பேட்டை எம்ஐடி பொறியியல் கல்லூரியில் அப்துல் கலாம் படித்த காலத்தில், அங்கே நிறுத்தியிருந்த ஓய்வு பெற்ற இரண்டு விமானங்கள் தன்னை ஈர்த்ததை அவரே பதிவு செய்திருக்கிறார். அதனால் நீங்கள் செய்வது வீண் வேலை என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள்.

எனக்கு வேண்டியது நல்ல தமிழில் ஒரு பலகை. இதுவரை நான் பார்த்த பலகைகள் நீளம், எடை, வேகம் என்று ஆங்கிலத்தில் நாலு எண்ணைப் போட்டுவிட்டு முடிந்துவிடும். என் பிள்ளைகள் கேட்பது வேறு: ரெண்டு சீட் ஏன் பக்கத்துப் பக்கத்தில் இருக்கிறது? வாத்தியார் எது, மாணவன் எது? கிரண் 1964 செப்டம்பரில் முதல்முதலாகப் பறந்தது, நம் நாட்டிலேயே அரசு விமான நிறுவனமான எச்ஏஎல் வடிவமைத்தது, தாம்பரத்தில் விமானம் ஓட்டக் கற்றுக்கொடுப்பவர்களுக்கே கற்றுக்கொடுத்தது. இதைச் சொன்னால் ஆறாம் வகுப்புப் பிள்ளை நின்று படிக்கும். மெட்ராஸ் கதையையும் சேர்க்கலாம், 1932 அக்டோபரில் டாடாவின் முதல் தபால் விமானம் கராச்சியில் கிளம்பி பம்பாய், பெல்லாரி வழியாக வந்து சேர்ந்தது நம் ஊருக்குத்தான்.

ஃபிட்டர் ஐயா, உங்களைப் போல கிரணில் வேலை பார்த்தவர்கள் தாம்பரம், சேலையூர் பக்கம் இன்னும் இருப்பார்கள். வால் எண் தெரிந்ததும் அவர்களைக் கூப்பிட்டு உட்காரவைத்துப் பேச்சைப் பதிவு செய்யுங்கள். பெயின்ட் அடுத்த வருடம்கூட அடிக்கலாம்.

பழைய ஏர்ஃப்ரேம் ஃபிட்டர்:

டீச்சரம்மா, வருகிறேன். என்னோடு இன்னும் இரண்டு பேரை அழைத்து வர முடியும், ஒருவர் எஞ்சின் ஆள், ஒருவர் எலக்ட்ரிக்கல். வானரசிகன் தம்பி, சீட் பற்றிய தாளும் நிர்வாகத்தின் கையெழுத்தும் வந்ததும் இங்கேயே எழுதுங்கள். ஸ்டாண்டுக்கு அளவு எடுக்க மட்டும் அதற்கு முன்னாலேயே ஒரு நாள் வந்துவிடுகிறேன், ஐப்பசிக்கு முன்னால் விமானம் டயரை விட்டு மேலே ஏறிவிட வேண்டும்.