சுரைக்காய் அடை கல்லிலேயே பிஞ்சு போகுது

வெறும் அடை எனக்கு நல்லாவே வரும். காய் சேர்த்தால்தான் வம்பு. ஓரம் கருகுது, நடுவில் வேகலை, திருப்பினால் மூணு துண்டு. நேத்து வீட்டுக்காரர் தட்டைப் பார்த்துட்டு "உப்புமாவா?"ன்னு கேட்டார்.

இருப்பது திருப்பரங்குன்றம். கேஸ் அடுப்பு, இரும்புக் கல், வாங்கி ரெண்டு மாசம் ஆகுது. இட்லி அரிசி 2 டம்ளர், துவரம்பருப்பு, கடலைப்பருப்பு தலா அரை டம்ளர், உளுந்து ஒரு கைப்பிடி, வரமிளகாய் 6, சோம்பு. 3 மணி நேரம் ஊறவச்சு, உப்புப் போட்டு கொரகொரன்னு அரைக்கிறேன். அதில் துருவின சுரைக்காய் 2 கப், ஒரு கேரட், சின்ன வெங்காயம், முருங்கைக்கீரை.

முதல் ரெண்டு அடை முழுசாத்தான் வருது. அரை மணி கழிச்சுப் பார்த்தால் மாவு மேல தண்ணி கட்டி நிக்குது, கரண்டியில அள்ளினா மோர் மாதிரி ஒழுகுது. உப்புப் பட்டு சுரைக்காய் தண்ணி விடுது, அது வரைக்கும் புரியுது.

துருவலைப் பிழிஞ்சு போட்டேன். அடை வரட்டி மாதிரி, சுரைக்காய் போட்ட சுவடே இல்லை. அரிசி மாவு 3 ஸ்பூன் கலந்தேன். ஆறினதும் கடிக்க முடியலை. கல்லில் வெங்காயம் தேய்ச்சாச்சு, நடுவில் ஓட்டை போட்டு நல்லெண்ணெய் விட்டாச்சு. சிறு தீயில மூடி வச்சால் வேகுது, ஆனா மொறுமொறுப்பு போயிடுது. மொறுமொறுப்பு இல்லாட்டி அது என்ன அடை?

காயைப் பிழியாமல், கடைசி அடை வரைக்கும் மாவு நீர்க்காமல் இருக்க, சுரைக்காயையும் உப்பையும் நீங்க எப்போ சேர்க்கிறீங்க?