ஷயர் நாட்காட்டியில் ஒரு தேதிக்கு எப்போதும் ஒரே கிழமைதானா?

ஏட்டுச்சுவடி (கேள்வி):

டோல்கீனின் ‘த லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ நாவலை எங்கள் வாசிப்புக் குழுவில் படித்து வருகிறோம். கதையின் ஆண்டுக் கணக்கில் 3018 செப்டம்பரில் நாயகன் ஃப்ரோடோ வீட்டை விட்டுக் கிளம்புவதில் தொடங்கி, 3019 மார்ச் 25இல் மோதிரம் அழிவது வரையிலான நிகழ்வுகளைத் தேதி, கிழமையோடு ஒரே தாளில் குறித்து அட்டவணையாக்கும் பொறுப்பு எனக்கு வந்திருக்கிறது. பின்னிணைப்பில் உள்ள, ஹாபிட்கள் என்னும் சிற்றுருவ மக்கள் வாழும் ஷயர் நாட்டின் நாட்காட்டியைப் பார்த்தால், ஒரே ஓர் ஆண்டுக்குத்தான் கட்டம் போட்டிருக்கிறார்கள். அதுவே எல்லா ஆண்டுகளுக்கும் பொருந்துமாம். அதன்படி செப்டம்பர் 22 எந்த ஆண்டிலும் வியாழன், மார்ச் 25 எந்த ஆண்டிலும் ஞாயிறு. 365 நாளை ஏழால் வகுத்தால் ஒன்று மிஞ்சுமே, அந்த ஒரு நாள் எங்கே போகிறது? ஆசிரியர் தம் வசதிக்காக எடுத்துக்கொண்ட சலுகையா இது, அல்லது கணக்கு உண்மையிலேயே நிற்குமா? மனிதர்களின் அரசான கோண்டோரில் நடக்கும் நிகழ்வுகளுக்கும் இதே கிழமைகளை எழுதலாமா என்பதையும் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

நாள்மீன்:

கணக்கு நிற்கும், சலுகை எதுவும் இல்லை. ஷயரில் மாதங்கள் பன்னிரண்டும் முப்பது நாள்கள் கொண்டவை. மிஞ்சும் ஐந்து நாள்கள் எந்த மாதத்திலும் சேராமல் தனியே நிற்கின்றன: ஆண்டின் முதல் நாளும் கடைசி நாளும் யூல் நாள்கள், ஜூனுக்கும் ஜூலைக்கும் இடையே முதல் லித், நடுஆண்டு நாள், இரண்டாம் லித் என மூன்று. நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை, நூற்றாண்டின் இறுதியாண்டைத் தவிர்த்து, நடுஆண்டு நாளை அடுத்து ‘ஓவர்லித்’ என்ற மிகுநாள் வரும்.

நீங்கள் தேடும் அந்த ஒரு நாள் நடுஆண்டு நாள்தான். ஆண்டுதோறும் கிழமைகள் நகர்ந்துகொண்டே போவது ஒழுங்கின்மையாகவும் தொல்லையாகவும் இருப்பதாகக் கருதிய ஹாபிட்கள், ஷயரின் தலைவராக இருந்த இரண்டாம் இசெங்ரிம் காலத்தில், அந்த நாளுக்குக் கிழமையே வேண்டாம் என்று முடிவு செய்தார்கள். (ஷயரில் முதன்முதலாகப் புகையிலை பயிரானதும் அவர் காலத்தில்தான், ஹாபிட்களின் இரு பெருஞ்சாதனைகளும் ஒரே தலைமுறைக்குரியவை போலும்.) ஓவர்லித்துக்கும் கிழமை கிடையாது. ஆகவே கிழமையுள்ள நாள்கள் 364, அதாவது சரியாக 52 வாரங்கள். ஒவ்வோர் ஆண்டும் சனியில் தொடங்கி வெள்ளியில் முடிகிறது.

இதில் ஓர் அழகான பக்கவிளைவு உண்டு. ஆண்டின் முதல் நாளான யூல் சனிக்கிழமை என்பதால் ஜனவரி 1 ஞாயிறாகிறது. முப்பது நாள் மாதம் ஒவ்வொன்றும் கிழமையை இரண்டிரண்டாகத் தள்ளுவதால், அடுத்த மாதங்கள் செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன் என்று பிறக்கின்றன. ஜூன் 30 வியாழன், முதல் லித் வெள்ளி, கிழமையற்ற நாள், பிறகு இரண்டாம் லித் சனி. எனவே ஜூலை 1 மறுபடியும் ஞாயிறு, அதே ஆறு கிழமைகள் மீண்டும் சுற்றுகின்றன. ஏழு கிழமைகளில் வெள்ளிக்கு மட்டும் மாதம் பிறக்கும் வாய்ப்பே இல்லை. நடக்கவே நடக்காத ஒன்றை ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை’ நடக்கும் என்று ஹாபிட்கள் கேலி பேசுவதாகப் பின்னிணைப்பு சொல்வது இதனால்தான். கணக்கிலிருந்து ஊர்ப்பேச்சு பிறக்கும் இந்த இடம்தான், எனக்கு, அந்தப் பின்னிணைப்பிலேயே சிறந்த இடம்.

அட்டவணைக்கு ஒரு குறிப்பு: அங்கே வாரத்தின் தலையாய நாள் வெள்ளி, நண்பகலுக்குப் பின் விடுமுறை, மாலையில் விருந்து. அதனால் அவர்களுடைய வியாழன் நம்முடைய சனிக்கிழமையின் மனநிலையைக் கொண்டது. செப்டம்பர் 22, வியாழனன்று நடக்கும், ஃப்ரோடோவின் உறவினர் பில்போவின் பிறந்தநாள் விருந்தை வாரநடு விருந்தாக எண்ணிக்கொள்ளக் கூடாது.

கிழமைத்தடை:

நாள்மீன் அவர்கள் சொன்னவை அனைத்தும் சரி. ஆனால் ‘கணக்கு நிற்கும்’ என்பதும் ‘மக்கள் ஏற்பார்கள்’ என்பதும் வெவ்வேறு. கிழமையற்ற நாள் என்ற யோசனை டோல்கீனுக்கு முன்பே நம் உலகில் முன்வைக்கப்பட்டுவிட்டது. 1834இல் இத்தாலியப் பாதிரியார் மார்கோ மாஸ்ட்ரோஃபினி அதை எழுதினார். 1849இல் ஓகுஸ்த் கோந்த் 28 நாள் கொண்ட பதின்மூன்று மாதங்களை வகுத்து, மிஞ்சிய நாளை வாரத்துக்கு வெளியே வைத்தார். 1930இல் எலிசபெத் அகெலிஸ் தொடங்கிய உலக நாட்காட்டிச் சங்கமும் ஆண்டிறுதி நாளைக் கிழமையின்றி விடச் சொன்னது. 1950களில் அத்திட்டத்தை ஐக்கிய நாடுகள் அவையின் பொருளாதார, சமூக மன்றத்துக்குக் கொண்டுசென்றது இந்தியா. அதற்காக வாதாடியவர் இயற்பியலாளர் மேகநாத் சாஹா. திட்டம் கைவிடப்பட்டது.

எதிர்ப்புக்குப் பெருங்காரணம் சமயம். யூதர்களுக்கு ஏழாம் நாள் ஓய்வுநாள் என்பது மனிதர் மாற்றக்கூடிய ஏற்பாடு அன்று. ஆண்டுக்கு ஒரு நாளை எண்ணாமல் விட்டால், அடுத்த வாரத்திலிருந்தே அவர்களுடைய சனி அரசாங்கத்தின் சனியாக இருக்காது. 1582இல் போப் கிரெகரி பத்துத் தேதிகளையே நீக்கியபோதும் அக்டோபர் 4 வியாழனை அடுத்து அக்டோபர் 15 வெள்ளியாகத்தான் வந்தது. தேதியைக் கிழிப்பார்கள், கிழமையைத் தொடமாட்டார்கள். ஷயரில் சீர்திருத்தம் சண்டையின்றி நடந்தேறியதற்குக் காரணம், அங்கே கோயிலோ ஓய்வுநாள் விதியோ இல்லாததே என்பது என் கருத்து. வாரத்தைப் புனிதமாகக் கருதும் மக்கள் வாழும் ஒரு கற்பனை நாட்டில் இதே ஏற்பாட்டைப் புகுத்தினால் அது நம்பும்படி இருக்காது.

ஏட்டுச்சுவடி:

இருவருக்கும் மிக்க நன்றி. கோண்டோர் பற்றிய ஐயம் மட்டும் இன்னும் தீரவில்லை. அதன் தலைநகரான மினாஸ் திரித்தில் இருந்தவர்களுக்கும் மார்ச் 25 ஞாயிறுதானா?

நாள்மீன்:

தேதி அதே, கிழமை வேறாக இருக்கலாம். கோண்டோரின் ஆளுநர் நாட்காட்டியிலும் மாதங்கள் முப்பது நாள்களே. ஆனால் லித் நாள்களுக்குப் பதிலாக மார்ச்சுக்கும் ஏப்ரலுக்கும் நடுவில் ஒரு நாளையும், செப்டம்பருக்கும் அக்டோபருக்கும் நடுவில் ஒரு நாளையும் தனியே வைத்திருக்கிறார்கள். எண்ணிப் பார்த்தால், அக்டோபரிலிருந்து மார்ச் வரை இரு நாட்காட்டிகளும் ஒத்துப்போகின்றன; ஏப்ரல் முதல் ஜூன் வரை கோண்டோரின் தேதி ஓர் எண் குறைவு, ஜூலை முதல் செப்டம்பர் வரை ஓர் எண் கூடுதல். உங்கள் அட்டவணையில் செப்டம்பர் கடைசி வாரம் மட்டுமே இந்த வேறுபாட்டில் விழுகிறது. அப்போது ஃப்ரோடோ ஷயரையும் அதன் சுற்றுப்புறத்தையும் தாண்டவில்லை.

கிழமைக்கு வருவோம். ஏழுநாள் வாரம் கோண்டோரிலும் உண்டு. ஆனால் கிழமையை நிறுத்திவைக்கும் சீர்திருத்தத்தை ஷயருக்கு வெளியே, அதன் கிழக்கே உள்ள பிரீ என்ற ஊர் மட்டுமே பின்பற்றியது. இசெங்ரிம் காலத்திலிருந்து ஏறத்தாழ மூன்று நூற்றாண்டுகளாக ஆண்டுக்கு ஒரு நாள், மிகுநாள் ஆண்டில் இரண்டு நாள் என்று இரு வாரங்களும் விலகியிருக்கும். சீர்திருத்தம் தொடங்கிய ஆண்டைப் பின்னிணைப்பு குறிக்காததால், எத்தனை கிழமை விலகல் என்று கணக்கிட வழியில்லை. ஊரிலேயே இருந்தால் இந்த ஏற்பாடு வசதி, பிரீயைத் தாண்டிப் பயணம் போனால் அவ்வளவு வசதியில்லை என்று டோல்கீனே குறிப்பிடுகிறார். உங்கள் அட்டவணையின் பெரும்பகுதி அந்தப் பயணத்தில்தான் வருகிறது. ஆகவே தேதிக்கு ஒரு பத்தியும், ‘ஷயர் வழக்கில் கிழமை’ என்ற தலைப்பில் இன்னொரு பத்தியும் வைத்து, கோண்டோர் கிழமையை எழுதாமல் விட்டுவிடுங்கள்.