கோலாப்பூரிச் செருப்பும் மிலான் மேடையும்: புவிசார் குறியீடு எதைக் காக்கிறது?

பாலாற்றங்கரை (கேள்வி):
வணக்கம். ஆம்பூரில் காலணி ஏற்றுமதி செய்யும் ஆலை ஒன்றில் பதினைந்து ஆண்டுகளாகப் பணியாற்றுகிறேன். வெளிநாட்டு நிறுவனங்கள் அனுப்பும் மாதிரியை அச்சு மாறாமல் தைத்துக் கொடுப்பதுதான் எங்கள் பிழைப்பு. அந்த மாதிரியில் ஒரே ஒரு ஜோடி வெளியே போனாலும் எங்கள்மேல் வழக்குப் பாயும். ஆனால் 2025 ஜூனில் மிலான் ஆடை அணிவகுப்பில் இத்தாலிய ஆடம்பர நிறுவனமான பிராடா கோலாப்பூரிச் செருப்பை மேடையேற்றி, அதைத் 'தோல் செருப்பு' என்று மட்டும் குறிப்பிட்டது. அச்செருப்புக்கு 2019இலேயே புவிசார் குறியீடு (ஓர் ஊரோடு இணைந்த பொருளுக்குத் தரும் சட்டப் பதிவு) கிடைத்திருந்தும் ஏன் ஒன்றும் செய்ய முடியவில்லை? அப்படியானால் அந்தக் குறியீடு வெறும் காகிதந்தானா?

மனுநீதி:
காகிதம் அன்று, ஆனால் அது காப்பது பெயரைத்தான், வடிவத்தை அன்று. மகாராஷ்டிரத்தில் கோலாப்பூர், சாங்லி, சதாரா, சோலாப்பூர், கர்நாடகத்தில் பெலகாவி, தார்வாடு, பாகல்கோட், விஜயபுரா ஆகிய எட்டு மாவட்டங்களுக்கு வெளியே செய்த செருப்பை யாரேனும் 'கோலாப்பூரி' என்று இங்கே விற்றால் தடுக்கலாம். பிராடாவோ அந்தப் பெயரை உச்சரிக்கவே இல்லை. கைவினைஞர்களின் மனத்தைப் புண்படுத்திய அதே மௌனந்தான் சட்டத்தின்முன் அந்நிறுவனத்துக்குக் கவசமாயிற்று. போதாக்குறைக்கு, நம் 1999ஆம் ஆண்டுப் புவிசார் குறியீட்டுச் சட்டத்தின் கை இந்திய எல்லையைத் தாண்டி நீளாது. உலக வணிக அமைப்பின் அறிவுசார் சொத்துரிமை ஒப்பந்தமான டிரிப்ஸும் ஒயினுக்கும் சாராயத்துக்கும் தரும் கூடுதல் பாதுகாப்பைச் செருப்புக்கும் சேலைக்கும் தருவதில்லை. பிராடாவுக்கு எதிராக மும்பை உயர் நீதிமன்றத்துக்குப் போன பொதுநல மனு அதே ஆண்டு ஜூலையில் தள்ளுபடியானதற்குக் காரணம் வேறு: வழக்குத் தொடுக்க வேண்டியவர்கள் குறியீட்டின் பதிவு உரிமையாளர்களே, அதாவது இரு மாநிலங்களின் தோல் தொழில் கழகங்களே, அன்றி மூன்றாம் நபர்கள் அல்லர் என்றது நீதிமன்றம்.

கடுக்காய்:
மஞ்சளை நாம் மீட்டோமே என்று சிலர் கேட்கக்கூடும். மஞ்சளால் காயத்தை ஆற்றும் முறைக்கு 1995இல் அமெரிக்காவில் வழங்கிய காப்புரிமை 1997இல் ரத்தானது உண்மைதான். ஆனால் காப்புரிமை என்பது புதிய கண்டுபிடிப்புக்குத் தருவது; 'இது புதிதன்று' என்று பழைய ஏடுகளைக் காட்டி நிரூபித்தால் அது விழும். பிராடா எதற்கும் காப்புரிமை கோரவில்லை என்பதால், எந்த ஏட்டைக் காட்டி எதை ரத்து செய்வது?

மெக்சிகோ பிடித்த வழி வேறு. பழங்குடி மக்களின் பண்பாட்டு வெளிப்பாடுகளை வணிகமாக்க அந்தந்தச் சமூகத்தின் ஒப்புதலைப் பெற்றாக வேண்டும் என்று 2022இல் அந்நாடு சட்டமே இயற்றியது. 2025 ஆகஸ்டில், அந்நாட்டின் ஒவாகா மாநிலத்துப் பாரம்பரிய வராச்சே செருப்பைத் தழுவி வடிவமைத்ததற்காக அடிடாஸ் நிறுவனத்தார் அம்மாநிலத்தின் யலாலக் ஊருக்கே போய் மக்கள் முன்னிலையில் மன்னிப்புக் கேட்டார்கள். ஊரை உரிமையாளராக ஏற்கும் அப்படியொரு விதி நம்மிடம் இல்லை.

கோர்வைத்தறி:
காஞ்சிபுரம் நெசவுக் குடும்பத்தில் பிறந்தவன் என்பதால் சற்று மாறுபடுகிறேன். சிறுவயதில் அப்பா சேலையின் உடல் நெய்ய, எதிர்ப்பக்கம் உட்கார்ந்து கரைக்கான நாடாவை (ஊடை நூலைக் கொண்டு ஓடும் தறிக் கருவியை) வாங்கித் தள்ளியவன் நான். அப்படி இருவர் சேர்ந்தால்தான் கோர்வைச் சேலை உருவாகும், உடலும் கரையும் கூடுமிடம் விரலுக்குத் தட்டுப்படும். எங்கள் பட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்து ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஆகின்றன. எங்கள் கூலியைத் தின்றது மிலான் அன்று. விசைத்தறியில் நெய்த சேலையைக் 'காஞ்சிப் பட்டு' என்று நம்மூர்க் கடைகளிலேயே விற்பதுதான். பெயரைக் காக்கத்தான் சட்டம் என்றால், அந்தப் பெயரை நம் தெருவிலேயே திருடுகிறவர்களை முதலில் யார் பிடிப்பது?

பாலாற்றங்கரை:
மூவருக்கும் நன்றி. பிராடா 2025 டிசம்பரில் அந்த இரு கழகங்களுடனும் உடன்படிக்கை செய்துகொண்டு, 2,000 ஜோடிகளை மகாராஷ்டிரத்திலும் கர்நாடகத்திலும் செய்விக்க முன்வந்தது. ஊர்க்கூச்சல் சாதித்ததைச் சட்டம் சாதிக்கவில்லை என்பது எனக்கு உறுத்தலாகவே இருக்கிறது. அந்த 2,000 ஜோடியில் தைப்பவர் கைக்கு ஜோடிக்கு எவ்வளவு சேரும் என்பதும் உடன்படிக்கையில் எழுதப்பட்டிருக்க வேண்டும். எங்கள் ஆலையில் ஒரு ஜோடிக்கு எத்தனை தையல் என்பதுவரை எழுதித்தானே கையெழுத்து வாங்குகிறார்கள்.