மைனஸால் வகுத்தால் குறி ஏன் திரும்புகிறது?

தங்கச்சிமடம் அம்மா:
மகள் ஏழாவது படிக்கிறாள். நேற்று வந்த கணக்குப் பேப்பரில் −2அ > 6 என்ற அசமன்பாட்டுக்கு அ > −3 என்று எழுதி மார்க் போய்விட்டது (தெரியாத எண்ணை அ என்றே எழுதுகிறேன்). மைனஸால் வகுத்தால் குறி திரும்பும் என்ற விதி அவளுக்கு மனப்பாடம்தான், பரீட்சையில் மறந்துவிடுகிறது. சமன்பாட்டில் எதால் வகுத்தாலும் ஒன்றும் திரும்புவதில்லையே, இங்கே மட்டும் ஏன் என்று கேட்கிறாள், எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

வடகடல்:
அக்கா, வலையிலிருந்து தொடங்குங்கள். ஒரு வலை 3 பாகம் (ஒரு பாகம் என்பது இரண்டு கையையும் விரித்த நீளம்) ஆழத்தில் கிடக்கிறது, இன்னொன்று 8 பாகத்தில். ஆழமாக எழுதினால் 3 < 8. அதையே கடல் மட்டத்தைப் பூச்சியமாக வைத்து உயரமாக எழுதினால் −3, −8. எது மேலே இருக்கிறது? 3 பாகத்து வலைதான், அதனால் −3 > −8. வலைகள் கிடந்த இடத்திலேயே கிடக்கின்றன, நாம் அளக்கிற திசையைத்தான் திருப்பினோம். சமன்பாட்டில் இரண்டு பக்கமும் ஒரே எண், திருப்பினாலும் சேர்ந்தே திரும்பும், அதில் மேலே கீழே என்ற பேச்சே கிடையாது.

மண்டபம் டியூஷன்:
நான் டீசல் கணக்குப் போடுவேன். வள்ளத்தில் 40 லிட்டர் இருக்கிறது, மணிக்கு 6 லிட்டர் குடிக்கும், கரை திரும்ப 10 லிட்டராவது மிச்சம் வேண்டும். எத்தனை மணி நேரம் ஓட்டலாம்?
40 − 6அ ≥ 10
−6அ ≥ −30
அ ≤ 5
முதலில் 40-ஐக் கழித்தபோது குறி திரும்பவில்லை, அதைக் கவனிக்கச் சொல்லுங்கள், பல பிள்ளைகள் அங்கேயும் திருப்பிவிடுகிறார்கள். −6-ஆல் வகுத்தபோதுதான் திரும்பியது. திருப்பாமல் அ ≥ 5 என்று விட்டால் 6 மணி நேரமும் சரி என்று ஆகிவிடும், ஆனால் அப்போது மிச்சம் 4 லிட்டர்தானே! நம்ம ஊர்ப் பிள்ளைக்கு இது சட்டென்று உறைக்கும்.

கீழக்கரை மாணவி:
மறந்துவிடும் என்று பயமிருந்தால் மைனஸால் வகுக்கவே வேண்டாம். −2அ > 6-இல் இரண்டு பக்கமும் 2அ கூட்டினால் 0 > 6 + 2அ. அப்புறம் 6-ஐக் கழித்தால் −6 > 2அ, அதாவது −3 > அ. கடைசியில் ஒரு எண்ணைப் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். −4 போட்டால் 8 > 6, சரி. அவள் எழுதிய அ > −3-இல் 0-வும் அடங்கும், அதைப் போட்டால் 0 > 6 என்று வருகிறது.

தங்கச்சிமடம் அம்மா:
எல்லோருக்கும் ரொம்ப நன்றி. ராத்திரி வலைப் படம் வரைந்து காட்டினேன், டீசல் கணக்கை அவளே போட்டாள். இப்போது பூச்சியத்தால் பெருக்கினால் எந்தப் பக்கம் திரும்பும் என்கிறாள்.

வடகடல்:
நல்ல கேள்வி கேட்டிருக்கிறாள்! 3, 8 இரண்டையும் பூச்சியத்தால் பெருக்கினால் இரண்டுமே 0. இரண்டு வலையும் கடல் மட்டத்துக்கே வந்துவிட்டன, பெரியது சிறியது என்பதே போய்விட்டது. அதனால்தான் அசமன்பாட்டின் இரண்டு பக்கத்தையும் பூச்சியத்தால் பெருக்கக் கூடாது.