ஸ்பெல்ஜாம்மர்: கப்பல் வேகமே எடுக்கவில்லை, அவசரம்

இருபதுமுகம்:
இன்று இரவே டன்ஜன்ஸ் & டிராகன்ஸ் ஆட்டம், விண்வெளியில் கப்பல் ஓட்டும் ஸ்பெல்ஜாம்மர் உலகத்தில். போன வாரம் பறந்த கப்பல் இப்போது ஊர்கிறது. கப்பலை ஓட்டும் மந்திர நாற்காலியான ஹெல்மில் உட்கார்ந்திருப்பது என் மந்திரவாதிதான், அதோடு அட்யூன் (மந்திரப் பிணைப்பு) ஆகியிருக்கிறார். ஆட்டத்தை நடத்தும் டிஎம் காரணம் சொல்ல மறுக்கிறார், நீங்களே கண்டுபிடியுங்கள் என்கிறார். எதைச் சரி பார்ப்பது? சீக்கிரம் சொல்லுங்கள்.

நெடுங்கடல்:
எந்தப் பதிப்பு? 1989இல் ஜெஃப் க்ரப் எழுதிய பழைய விதிப்புத்தகப் பெட்டியா, 2022இல் வந்த ஐந்தாம் பதிப்பா? இரண்டிலும் ஹெல்ம் ஒரே மாதிரி வேலை செய்யாது. ஒரு சூரியக் குடும்பத்துக்குள்ளான வைல்ட்ஸ்பேஸில் இருக்கிறீர்களா, அவற்றுக்கு நடுவே இருக்கும் ஆஸ்ட்ரல் கடலிலா? பக்கத்தில் என்ன இருக்கிறது?

வால்நட்சத்திரம்:
மந்திரவாதியின் லெவல் போதாது. சக்தி குறைந்த மைனர் ஹெல்மில் சின்ன லெவல் ஆளை உட்கார வைத்தால் இப்படித்தான். மேஜர் ஹெல்ம் வாங்குங்கள்.

காற்றுக்குமிழ்:
முதலில் காற்றைப் பாருங்கள். கப்பலைச் சுற்றியிருக்கும் காற்று 120 நாள்தான் சுத்தமாக இருக்கும், அப்புறம் கெட ஆரம்பிக்கும். இதை யாருமே கணக்கு வைப்பதில்லை. நீங்கள் கிளம்பி எத்தனை நாள் ஆயிற்று?

பழைய மாலுமி:
தம்பி, ஹெல்மைப் பற்றிப் புத்தகத்தில் இருப்பது ஒரு பக்கம்கூட வராது. அதைப் படித்துவிட்டு வந்து கேட்கலாமே. பதிப்பு கூடச் சொல்லாமல் அவசரம் என்றால் யார் என்ன செய்ய முடியும்? வால்நட்சத்திரம் சொல்வதும் தவறு. மேஜர், மைனர் எல்லாம் பழைய பதிப்பு. அதிலும் லெவலை வைத்து மாறுவது சண்டை நேரத்து வேகம்தான், நீண்ட பயண வேகம் எல்லோருக்கும் ஒன்றே.

நெடுங்கடல்:
முதல் தடவை கேட்கிறவரிடம் இப்படிப் பேச வேண்டாம் ஐயா. அந்தப் புத்தகம் எல்லோர் கையிலும் இருக்காது, டிஎம் ஒருவரிடம்தான் இருக்கும்.

இருபதுமுகம்:
ஐந்தாம் பதிப்பு. வைல்ட்ஸ்பேஸ். காற்று புதுசு. பக்கத்தில் ஒன்றும் இல்லை.

மூன்றாம் பாய்:
ஹெல்மில் இருக்கும்போது வேறு மந்திரம் ஏதாவது போட்டீர்களா? ஐந்தாம் பதிப்பில் ஹெல்மை ஓட்டுவதற்கு, ஒரு மந்திரத்தைத் தக்கவைக்கிற அதே கான்சென்ட்ரேஷன் (மனக்குவிப்பு) வேண்டும். பறக்க வைக்கும் ஃப்ளை மாதிரி கான்சென்ட்ரேஷன் கேட்கும் மந்திரத்தைப் போட்டால் ஹெல்ம் கைவிட்டுப் போய்விடும். அடி வாங்கினாலும் அந்த ஆபத்து உண்டு. நெருப்புப் பந்து வீசும் ஃபயர்பால் போடலாம், அதற்குக் கான்சென்ட்ரேஷன் தேவையில்லை.

வால்நட்சத்திரம்:
ஃபயர்பாலா! பழைய பதிப்பில் உலகங்களுக்கு நடுவே ஃப்ளோஜிஸ்டான் என்று ஒன்று இருந்தது. அதில் தீப்பொறி விழுந்தாலே வெடிக்கும், ஃபயர்பால் போட்டால் போட்டவரே காலி. ஒவ்வொரு சூரியக் குடும்பமும் ஒரு பெரிய படிகக் கோளத்துக்குள் இருக்கும், வெளியே போக வழி தேட வேண்டும். பயணம் என்றால் அது பயணம். 2022இல் அதையெல்லாம் எடுத்துவிட்டு ஆஸ்ட்ரல் கடலை வைத்துவிட்டார்கள்.

காற்றுக்குமிழ்:
ஆஸ்ட்ரல் கடலில் என்ன குறை? இறந்த தெய்வங்களின் கல்லான உடல்கள் மிதக்கிற இடம் அது. படிகக் கோளத்தில் வாசல் தேடியே எங்கள் ஆட்டத்தில் பாதி நேரம் போகும்.

வால்நட்சத்திரம்:
அந்தத் தேடல்தானே ஆட்டம். உலகத்துக்கு உலகம் சுலபமாகப் போய்விட்டால் தூரத்துக்கு மதிப்பே இல்லை.

மூன்றாம் பாய்:
இதற்குத் தனி இழை போடுங்கள். இருபதுமுகம், கான்சென்ட்ரேஷன் போயிருந்தால் கப்பல் உங்கள் பேச்சையே கேட்காது. ஊர்கிறது என்கிறீர்கள். அப்படியானால் ஹெல்ம் வேலை செய்கிறது, பெரிய வேகம் மட்டும்தான் தடைபடுகிறது. ஒரு மைலுக்குள் ஒரு டன்னோ அதற்கு மேலோ எடையுள்ள வேறு பொருள் எதுவும் இல்லாவிட்டால்தான் அந்த வேகம் வரும். 24 மணி நேரத்தில் 10 கோடி மைல். நம் பூமியிலிருந்து சூரியன் 9.3 கோடி மைல்தான், ஒரு நாளுக்குள் போய்ச் சேரலாம். பக்கத்தில் ஏதாவது இருந்தால் கப்பலின் சாதாரண வேகம்தான், மணிக்குச் சில மைல். கல், செத்த மிருகம், பின்னால் வரும் எதிரி, எதுவானாலும் சரி. ஹெல்மில் இருக்கும்போது கப்பலில் எந்த இடத்தில் நின்றும் பார்ப்பதுபோலப் பார்க்கலாம், கேட்கலாம். கீழ்ப்பக்கத்தைப் பாருங்கள், ஏதாவது ஒட்டிக்கொண்டு வரலாம்.

இருபதுமுகம்:
போன வாரம் பிடித்த கப்பலைக் கயிறு கட்டி இழுத்துக்கொண்டு வருகிறோம். அதுவும் கணக்கா?

பழைய மாலுமி:
இதை முதலிலேயே சொல்லியிருக்கலாம். கணக்குதான். அதுவும் தனிப் பொருள்.

காற்றுக்குமிழ்:
கட்டிவிட்டால் அது நம் கப்பலின் பாகம் ஆகாதா? சரக்கு மாதிரி?

மூன்றாம் பாய்:
சரக்கு கப்பலுக்குள் இருக்கும், இது வெளியே தனியாக மிதக்கிறது. நான் டிஎம்மாக இருந்தால் தனிப் பொருள் என்றுதான் தீர்ப்பு சொல்வேன். அந்தக் கப்பலில் ஹெல்ம் இருக்கிறதா? இருந்தால் குழுவில் மந்திரம் தெரிந்த இன்னொருவரை அதில் அட்யூன் செய்து உட்கார வையுங்கள். கயிற்றை அவிழ்த்துவிட்டு இரண்டு கப்பலும் ஒரு மைலுக்கு மேல் விலகி ஓடட்டும். அட்யூன் ஆன பழைய ஓட்டுநர் உயிரோடு, சம்மதத்தோடு இருந்தால் இன்னும் சுலபம், ஒரு ஆக்‌ஷனில் தொட்டு மாற்றிக் கொடுத்துவிடலாம்.

இருபதுமுகம்:
ஹெல்ம் இருக்கிறது. தெய்வ அருளால் மந்திரம் போடும் எங்கள் க்ளெரிக் அதில் உட்கார்ந்தார், கயிற்றை அவிழ்த்தோம். வேகம் வந்துவிட்டது. எல்லோருக்கும் நன்றி, ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கிறது.

வால்நட்சத்திரம்:
நல்லது. காற்றுக்குமிழ், படிகக் கோளத்துக்குத் தனி இழை போட்டிருக்கிறேன், அங்கே வாருங்கள்.