ஒப்பந்தங்களை அவிழ்க்கும் குறி: அதற்கு எல்லை வகுப்பது எப்படி?

கேள்வி – நாவல் முயற்சியாளர்

பண்டைய பாபிலோனை ஒத்த கற்பனை நகரம் ஒன்றில் நிகழும் நாவலை எழுதி வருகிறேன். அதில் ஒரு மந்திரக் குறி வருகிறது: மூன்று ஆப்புக் கீறல்கள், ஒன்றையொன்று தொட வந்து தொடாமல் விலகி நிற்கும். கடன் எழுதிய களிமண் ஏட்டின் மேல் அதைப் பதித்தால் அந்தக் கடனே இல்லாமற் போகும். முதலில் ஒரு கைம்பெண் தன் மகனைக் கடனடிமையிலிருந்து மீட்க அதைப் பயன்படுத்துகிறாள். பிறகு குறி கைமாறிக் கைமாறித் திருமணங்களையும் நில எல்லைகளையும் அவிழ்த்து, முடிவில் செங்கல்லுக்கும் சுவருக்கும், ஆற்றுக்கும் கரைக்கும் இடையிலான பிணைப்பையே அவிழ்க்கத் தொடங்குகிறது. ஐந்தாம் அத்தியாயத்தோடு கதை நின்றுவிட்டது. எதையும் அவிழ்க்கக்கூடிய குறி கையில் இருக்கும்போது எந்தத் தடையும் தடையாக இருப்பதில்லை. நானே ஒரு விதியை வலிந்து புகுத்தினால் அது ஒட்டுப்போட்டதுபோல் தெரிகிறது. இந்தக் குறிக்கு இயல்பான எல்லை எதுவாக இருக்க முடியும்?

மறுமொழி 1 – மண்ணேடு

எல்லையை வெளியே தேட வேண்டியதில்லை. நீங்கள் தேர்ந்தெடுத்த உலகத்திலேயே அது இருக்கிறது. பழைய பாபிலோனிய ஒப்பந்தம் பெரும்பாலும் இரண்டு முறை எழுதப்பட்டது. உள்ளே ஓர் ஏடு. அதைச் சுற்றிக் களிமண்ணாலேயே ஓர் உறை. உறையின் மேலும் அதே வாசகம், அதன்மேல் சாட்சிகள் களிமண்ணில் உருட்டிப் பதித்த உருளை முத்திரைகள். வழக்கு வந்தால் உறையை உடைத்து உள்ளிருக்கும் வாசகத்தைப் படித்துப் பார்ப்பார்கள். ஆகவே உறையின் மேல் பதித்த குறி உள்ளேட்டை எட்டுமா என்பதே உங்கள் முதல் சிக்கலாக அமையலாம். கடன் தீர்ந்ததும் ஏட்டை உடைப்பது வழக்கம். ஏடு காணாமற் போயிருந்தால், பின்னாளில் அது எங்கிருந்தாவது அகப்படின் உடைக்கப்பட வேண்டும் என்று வேறோர் ஏட்டில் எழுதி வைத்தார்கள். எழுத்துக்கு அத்தனை அஞ்சிய சமூகம் அது.

ஒப்பந்தத்தைத் தளர்த்தும் அதிகாரமும் அங்கே இருந்தது. புயற்கடவுள் அதாத் வயலை வெள்ளத்தில் மூழ்கடித்தாலோ, நீரின்றிப் பயிர் விளையாமற் போனாலோ, கடன்பட்டவர் அந்த ஆண்டு தானியம் தர வேண்டியதில்லை, வட்டியும் இல்லை, அவர் தம் ஏட்டை நனைத்துக்கொள்ளலாம் என்கிறது பாபிலோன் அரசர் ஹம்முராபி வகுத்த சட்டத்தின் 48ஆம் பிரிவு. அவர் வழியில் பின்னாளில் வந்த அம்மிசதூக்கா அரசர் வெளியிட்ட ஆணை, பிழைப்புக்காக வாங்கிய கடன்களை நீக்கியது. வணிகர்கள் கூட்டு முதலாகக் கொடுத்த பணத்தைத் தொடவில்லை. உங்கள் குறியும் அப்படி ஆள் பார்த்து, காரணம் பார்த்து அவிழ்த்தால், அதை ஏமாற்ற முயலும் வணிகன் ஒருவன் தானாகவே கதைக்குள் வந்துவிடுவான்.

இனி, உலகமே அவிழ்வது பற்றி. அதற்கும் அங்கே முன்மாதிரி உண்டு. அன்சூ என்னும் சிங்கத்தலைப் பறவை, தலைமைக் கடவுள் என்லிலிடமிருந்து, உலகின் ஊழைத் தீர்மானிக்கும் விதிகளின் ஏட்டைத் திருடிக்கொண்டு மலைக்குப் பறந்துவிடுகிறது. எதிர்த்து வந்த போர்க்கடவுள் நினுர்த்தா அம்பு எய்கிறான். ஏட்டைக் கையில் வைத்திருக்கும் பறவை, நாணல் தண்டே உன் புதருக்குப் போ, வில்லே உன் காட்டுக்குப் போ, நாணே ஆட்டின் முதுகுக்குப் போ, இறகுகளே பறவைகளிடம் போங்கள் என்று ஆணையிட, அம்பு திரும்பிவிடுகிறது. இதில் எதுவும் அழியவில்லை என்பதைக் கவனியுங்கள். ஒவ்வொன்றும் தான் எங்கிருந்து எடுக்கப்பட்டதோ அங்கே திரும்பிச் செல்லும்படி ஏவப்படுகிறது, அவ்வளவே. பிறகு அறிவுக் கடவுள் எயா நினுர்த்தாவுக்கு ஒரு வழி சொல்கிறார்: முதலில் அதன் சிறகுகளை வெட்டு. வெட்டுண்ட சிறகைத் தன்னிடம் வரச் சொல்லி அன்சூ கூவும்போது, இறகு கட்டிய அம்பும் அந்த அழைப்பின் வழியே உள்ளே போய்விடுகிறது. மந்திரத்தின் சொல்லே மந்திரவாதியைக் கொல்லும் இந்த இடத்தை விட நல்ல எல்லை உங்களுக்குக் கிடைக்குமா என்று தெரியவில்லை.

மறுமொழி 2 – பத்திர எழுத்தர்

ஆவணம் எழுதுவதே என் தொழில் என்பதால் ஒரே ஒரு கருத்து. காகிதத்தைக் கிழித்தால் கிரயம் போய்விடும் என்று நம்பி வருபவர்கள் இன்றும் உண்டு. மூலப் பத்திரத்தையே எரித்தாலும் சார்பதிவாளர் அலுவலகத்தில் அதன் நகல் இருக்கும், வில்லங்கச் சான்றில் பதிவு தெரியும், சாட்சிக் கையெழுத்திட்ட இருவரும் இருப்பார்கள். சுந்தரர் திருமணப் பந்தலில் முதியவர் நீட்டிய அடிமை ஓலையைப் பிடுங்கிக் கிழித்தபோதும் இதுதான் நடந்தது. அது படியோலை, மூல ஓலை திருவெண்ணெய்நல்லூர் அவையில் காட்டப்பட்டு, பாட்டனாரின் கையெழுத்து ஒத்துப் பார்க்கப்பட்டு, வழக்கு முதியவர் பக்கமே தீர்ந்தது. உங்கள் குறி ஏட்டை அவிழ்க்கட்டும்; சாட்சிகளின் நினைவை அது என்ன செய்யும்?

தமிழில் 'முறி' என்பது உடைத்தலையும் குறிக்கும், கடன் ஆவணத்தையும் குறிக்கும். இலங்கையில் 'பிணைமுறி' என்று இன்றும் எழுதுகிறார்கள். உங்கள் குறிக்குப் பெயர் தேவைப்பட்டால் பயன்படலாம்.

மறுமொழி 3 – இரவு வாசகர்

சாட்சிகளின் நினைவை அழிக்கும் வழிக்குப் போகாதீர்கள். மீட்கப்பட்ட மகன் தாயை அடையாளம் காணாமல் விழிப்பதாக எழுதத் தோன்றும். அதை இதற்குள் நூறு கதைகளில் படித்துவிட்டோம். மண்ணேடு சொன்ன 'திரும்பிப் போதல்' போதும்.

கேள்வி கேட்டவர்

உண்மையில் அந்தக் காட்சியைத்தான் நேற்று எழுதி வைத்திருந்தேன், நீக்கிவிட்டேன். குறி எதையும் அழிக்காது, கட்டப்பட்டதைக் கட்டுவதற்கு முன்பிருந்த இடத்துக்கு அனுப்பும் என்று மாற்றினால், செங்கல் ஆற்றங்கரைச் சேறாகத் திரும்புவதற்கும் காரணம் கிடைக்கிறது. ஒன்று மட்டும் இடிக்கிறது. அந்தக் கைம்பெண் ஏழை. அவளிடம் உருளை முத்திரை இருந்திருக்குமா?

மறுமொழி 4 – மண்ணேடு

இருக்க வேண்டிய தேவையில்லை. முத்திரை இல்லாதவர்கள் ஈரக் களிமண்ணில் நகத்தை அழுத்தினார்கள், அல்லது உடுத்திய ஆடையின் ஓரத்தைப் பதித்தார்கள். ஆடையின் ஓரம் அணிந்தவருக்கே நிகராகக் கருதப்பட்டது. மணமுறிவின்போது மனைவியின் ஆடை ஓரத்தை வெட்டும் வழக்கமும் இருந்தது. கடன் ஏட்டில் அவள் பதித்தது தன் முந்தானை ஓரம் எனில், குறி பதிந்த கணத்தில் ஏட்டுக்கு முன்பாக அந்த ஓரத்து நூல் பிரியத் தொடங்கட்டும். மகன் வாசலுக்கு வருவதற்குள் அது எவ்வளவு தூரம் பிரிந்திருக்கும் என்பதை நீங்கள்தான் முடிவு செய்ய வேண்டும்.